சோமாலி பேசும் இந்திப் படங்கள்

ஆப்பிரிக்காவின் கொம்பு எனப்படும் வடகிழக்குப் பகுதியில், சோமாலியா, ஜிபூட்டி, எத்தியோப்பியாவின் கிழக்குப் பகுதி, கென்யாவின் வடகிழக்குப் பகுதி என எல்லைகள் தாண்டிப் பரவி வாழும் சோமாலி மக்களுக்கு இந்திப் படங்கள் புதியவை அல்ல. 1991இல் அரசு கவிழ்ந்து உள்நாட்டுப் போர் மூள்வதற்கு முன்பே தலைநகர் மொகடிஷுவின் திரையரங்குகளில் அவை ஓடின. மொழி விளங்காத பார்வையாளர்கள் நடிகர்களின் முகத்தையும் பாட்டையும் கொண்டே கதையை ஊகித்துக்கொண்டனர். அரங்குகள் மூடப்பட்டு, படம் பார்ப்பது வீடுகளுக்கும் சிறு வீடியோ கொட்டகைகளுக்கும் பின்னர் கைபேசிக்கும் இடம்பெயர்ந்த காலத்தில், சோமாலிக் குரல் சேர்த்த படங்கள் பெருகின. இவற்றை மக்கள் 'ஹிந்தி அஃப் சோமாலி', அதாவது சோமாலி மொழியில் இந்திப் படம், என்கின்றனர்.

இங்கு மொழிமாற்றம் என்பது உதட்டசைவுக்கு ஏற்பச் சொல் பொருத்தும் ஸ்டுடியோ வேலையாகவே இருப்பதில்லை. மிகச் சிலரே, சில படங்களில் ஒருவர் மட்டுமே, நாயகன், நாயகி, வில்லன் ஆகிய எல்லோருக்கும் பேசிச் செல்ல, மூல வசனம் அடியில் மெல்லக் கேட்டுக்கொண்டிருக்கும். உரிமம் பெறாமல் செய்யப்படுபவையும் இவற்றில் பல.

இந்த ஈர்ப்புக்குக் காரணமாகக் குடும்ப மானம், பெரியோர் சம்மதத்தை நாடும் காதல், பழிக்குப் பழி போன்ற கதைப்பொருள்கள் அம்மக்களின் வாழ்வுக்கு நெருக்கமானவை என்பது வழக்கமாகச் சொல்லப்படுகிறது. அது உண்மையே என்றாலும் பாதி விளக்கம்தான். சோமாலிக்கு அதிகாரபூர்வ எழுத்துமுறை, இலத்தீன் எழுத்தில், 1972இல்தான் ஏற்கப்பட்டது. அதற்கு முன்பும் பின்பும் 'கபாய்' எனப்படும் நெடும்பாடல்கள் மனப்பாடமாகவும், பிறகு ஒலிநாடாக்களிலும் ஊர்விட்டு ஊர் சென்றன. அரசியல் பூசல்கூடக் கவிதையில் நடந்த அச்சமூகத்தில் சொல்லாற்றல் மிக்க குரலுக்குத் தனி மதிப்புண்டு. எனவே எழுத்தில் ஓடும் வசனவரியைவிடப் பேசும் குரல் விரும்பப்படுவதில் வியப்பில்லை. ஒருவரே பலராகப் பேசுவதையும் குறையாகக் கொள்ளாமல் கதைசொல்லலாகவே கேட்டிருப்பர் என்று கருதலாம்.

எதிர்ப்பும் இல்லாமல் இல்லை. 2006இல் மொகடிஷுவைக் கைப்பற்றிய இஸ்லாமிய நீதிமன்றங்களின் ஒன்றியம் வீடியோ கொட்டகைகளை மூடியது. பின்வந்த அல்-ஷபாப் என்னும் ஆயுதக் குழு தன் கட்டுப்பாட்டுப் பகுதிகளில் படங்களோடு இசையையும் தடுத்தது.

தென்னிந்தியப் படங்களும் இப்போது இவ்வழியில் சேர்ந்துவிட்டன. தமிழ், தெலுங்குப் படங்கள் முதலில் இந்திக்கு மாற்றப்பட்டு, பெரும்பாலும் அந்தப் பதிப்பிலிருந்தே சோமாலிக்குச் செல்வதால், சென்னையில் எழுதப்பட்ட வசனம் இரண்டு மொழிகளைக் கடந்த பிறகும் அங்கே இந்திப் படம் என்ற பெயரிலேயே ஓடுகிறது.