இடிப்பாணையும் இயற்கை நீதியும்

தோட்டத்தில் பல்லாண்டு உழைத்து, சேமநிதிப் பணத்தைக் கொண்டு சொந்த வீடு வாங்கியோர் நம்மிடையே பலர். குடும்பம் பெருகும்பொழுது வீட்டின் பின்புறத்தில் ஒரு சமையற்கட்டோ அறையோ சேர்த்துக் கட்ட அவர்கள் விரும்புவது இயல்பே. ஆயினும், தீபகற்ப மலேசியாவில் 1974ஆம் ஆண்டுச் சாலை, வடிகால், கட்டடச் சட்டத்தின்படி, ஊராட்சி மன்றத்தின் எழுத்து மூலமான முன் அனுமதியின்றிக் கட்டடம் எழுப்புதல் குற்றமாகும். அத்தகைய கட்டடத்தை இடிக்க ஆணையிடவும் மன்றத்திற்கு அதிகாரம் உண்டு.

அதிகாரம் இருப்பதனாலேயே உரிமையாளரை ஒரு வார்த்தையும் கேளாமல் இடித்துவிடலாமா? இவ்வினாவிற்கு விடை தந்த புகழ்பெற்ற வழக்கொன்று 1863ஆம் ஆண்டில் இலண்டனில் நடைபெற்றது.

கூப்பர் வழக்கு

வீடு கட்டுவோர் ஏழு நாள்களுக்கு முன் வட்டார வாரியத்திற்கு அறிவிக்க வேண்டும். தவறினால் வாரியம் கட்டடத்தை இடிக்கலாம் என்பது அக்காலத்து இலண்டன் சட்டம். வடிகால் ஒழுங்காக அமைய வேண்டும் என்பதே அதன் நோக்கம். கூப்பர் என்பவரின் வீடு இரண்டாம் மாடி வரை உயர்ந்த நிலையில், அறிவிப்பு வரவில்லை எனக் கூறி வான்ட்ஸ்வர்த் வாரியம் அதனை இடித்துத் தள்ளியது. தாம் அறிவிப்பு அனுப்பியதாக வாதிட்டு அவர் இழப்பீடு கோரினார்.

சட்டத்தில் விசாரணையைப் பற்றி ஒரு சொல்லும் இல்லை. ஆயினும் நீதிமன்றம் கூப்பர் பக்கமே தீர்ப்பளித்தது. அவரைக் கேட்டிருந்தால், அறிவிப்பு வழியில் தவறியிருக்கலாம் என்றோ, தவறு சிறிது என்றோ அவர் விளக்கியிருக்கக்கூடும். வாரியமும் இடிக்காமல் விட்டிருக்கக்கூடும் என நீதிபதிகள் கருதினர்.

நம் நாட்டிலும் இந்நெறி வேரூன்றியுள்ளது. 1977ஆம் ஆண்டில், சுங்க முகவர் ஒருவரின் அனுமதி விசாரணையின்றி இரத்துச் செய்யப்பட்ட வழக்கில், பாதிக்கப்படுவோரைக் கேளாமல் முடிவெடுத்தல் தகாது எனக் கூட்டரசு நீதிமன்றம் தீர்ப்பளித்தது.

செய்ய வேண்டியவை

ஆணையோ அறிவிப்போ கிடைத்தால் அதனை ஒதுக்கி வைத்தல் கூடாது. கிடைத்த தேதியைக் குறித்துக்கொண்டு, அதில் கண்ட தவணைக்குள் மன்றத்திற்கு எழுத்து மூலம் விளக்கமளிக்க வேண்டும். அக்கடிதத்தின் நகலையும், வரைபடம், அனுமதிக் கடிதம், பற்றுச்சீட்டு ஆகியவற்றையும் பத்திரப்படுத்துதல் அவசியம்.

முடிவு முறையற்றது எனத் தோன்றினால் உயர் நீதிமன்றத்தில் சீராய்வு மனுச் செய்யலாம். முடிவு தெரிவிக்கப்பட்ட நாளிலிருந்து மூன்று மாதத்திற்குள் மனுச் செய்தல் வேண்டும். மனுச் செய்த மாத்திரத்தில் இடிப்பு நின்றுவிடாது. அதற்குத் தடையுத்தரவையும் தனியே கோர வேண்டும். ஆகவே, நாள் கடத்தாது வழக்கறிஞரை நாடுக. கட்டணம் செலுத்த இயலாதோர் வழக்கறிஞர் மன்றத்தின் சட்ட உதவி மையங்களில் ஆலோசனை கேட்கலாம்.

ஒன்றை மறத்தலாகாது. நீதிமன்றம் பெரும்பாலும் ஆராய்வது, முடிவு எடுக்கப்பட்ட முறையையே. முறை தவறியதென ஆணை இரத்தானாலும், அனுமதியற்ற கட்டடம் அனுமதி பெற்றதாகிவிடாது; மன்றம் முறைப்படி விசாரித்து மீண்டும் ஆணையிடக்கூடும். எனவே, செங்கல் வாங்குவதற்கு முன் வரைபடத்தை மன்றத்திடம் சமர்ப்பித்து அனுமதி பெறுவதே உழைத்துச் சேர்த்த பொருளுக்கு உற்ற காப்பாகும்.