தையல் வழியே நுழையும் மழை

மழைக்கோட்டு போட்டும் உள்ளே சட்டை ஈரமாகிவிடுகிறதா? பல நேரம் அது மழைத்தண்ணீரே அல்ல. வெளியேற வழியில்லாத நம் வியர்வை.

1823-இல் கிளாஸ்கோவைச் சேர்ந்த சார்லஸ் மக்கின்டாஷ், இரண்டு துணிகளுக்கு நடுவே ரப்பர் கரைசலைப் பூசி ஒட்டும் முறைக்குக் காப்புரிமை பெற்றார். மழை வெளியே நின்றது. வியர்வை உள்ளேயே நின்றது. 1969-இல் அமெரிக்காவின் பாப் கோர், டெஃப்லான் வகைப் பொருளைச் சூடாக்கி வெடுக்கென்று இழுத்தார். அறுந்துவிடும் என்று பார்த்தால் அது பல மடங்கு நீண்டு, நுண்துளைகள் நிறைந்த பொருளாக மாறியது. நீர்த்துளி அதில் நுழையாது, நீராவி வெளியேறிவிடும். கோர்-டெக்ஸ் என்ற மழைத்துணி பிறந்த கதை இதுதான்.

ஆனால் துணி மட்டும் போதுமா? ஊசி குத்திய இடமெல்லாம் ஓட்டைதானே! அதனால் நல்ல ஜாக்கெட்டில் தையல்களின் உட்புறம் முழுக்க நாடா ஒட்டியிருப்பார்கள். வாங்கும்போது முதலில் உள்ளே புரட்டிப் பாருங்கள். நிறமும் விலையும் அப்புறம். தொப்பி, தலையோடு சேர்ந்து திரும்ப வேண்டும். மலையேறுபவர்களின் ஜாக்கெட்டில் அக்குளிலும் ஜிப் இருக்கும். பார்க்க வேடிக்கைதான், ஆனால் ஏற்றத்தில் அதைத் திறந்துவிட்டால் புழுக்கம் தணியும்.

மேல்துணியில் தண்ணீர் முத்து முத்தாக உருளாமல் ஊறத் தொடங்கினால், ஜாக்கெட்டைத் தூக்கி எறியாதீர்கள். லேபிளில் உள்ளபடி துவைத்து, மிதமான சூட்டில் உலர்த்துங்கள், பெரும்பாலும் சரியாகிவிடும். துணியை மென்மையாக்கும் திரவத்தை மட்டும் சேர்த்துவிடாதீர்கள், நேயர்களே!