படச்சுருளைத் தேடுவோர்

சென்ற கோடையில் எங்கள் மீனாட்சிபுரம் கிளைக்கு வந்த முதியவர் ஒருவர், துணிப்பையிலிருந்து துருவேறிய தகரப் பெட்டி ஒன்றை எடுத்து மேசைமீது வைத்தார். உள்ளே இருப்பது தம் தந்தையார் காலத்துப் படச்சுருள் என்றும், அதனைப் பாதுகாப்புப் பெட்டகத்தில் வைக்கலாமா என்றும் வினவினார். மூடியைத் திறந்ததும் வினிகர் நெடி எழுந்தது.

அவருக்கு விடை கூறும் பொருட்டே இத்துறையைப் பற்றி அறிய முற்பட்டோம். நகையையும் பத்திரத்தையும் பூட்டி வைத்தால் வைத்தபடியே இருக்கும், படச்சுருள் அவ்வாறன்று. அசிட்டேட் சுருள் வெப்பத்திலும் ஈரத்திலும் சிதைந்து அசிட்டிக் அமிலத்தை வெளிவிடுகிறது. நெடிக்குக் காரணம் அதுவே. 1950களின் தொடக்கம்வரை வழக்கிலிருந்த நைட்ரேட் சுருளோ எளிதில் தீப்பற்றக்கூடியது. அதனைப் பெட்டகத்தில் வைக்க வங்கி விதிகள் இடந்தரா. இவ்வாறு அழிந்தவை போக எஞ்சிய காட்சிகள் எங்குள்ளன எனத் தேடுவது திரைப்பட ஆவணக் காப்பாளரின் பணி.

தமிழர் ஒருவர் அப்பணியைத் தன்னந்தனியாக மேற்கொண்டார் என்பது எங்களுக்கு வியப்பளித்தது. கோட்டையூரைச் சேர்ந்த ஏ. கே. செட்டியார், 1937 அக்டோபர் 2 அன்று நியூயார்க்கிலிருந்து டப்ளினுக்குக் கப்பலில் செல்லுகையில், காந்தியடிகளைப் பற்றி ஆவணப்படம் எடுக்கத் துணிந்தார். அப்போது அவர் இருபதுகளில் இருந்த இளைஞர். புதிதாகப் படம் பிடிப்பதைவிட, முப்பது ஆண்டுகளாக ஏறத்தாழ நூறு ஒளிப்பதிவாளர்கள் பிடித்து வைத்தவற்றைத் திரட்டுவதே பெரும்பாடாயிற்று. நான்கு கண்டங்களில் ஒரு லட்சம் மைல் அலைந்து 50,000 அடி சேர்த்தார். பேசும்பட வேகத்தில் நிமிடத்துக்கு 90 அடி ஓடும். கணக்கிட்டால் ஒன்பது மணி நேரத்துக்கும் மேல். அதிலிருந்து 12,000 அடியைத் தேர்ந்து தொகுத்த படம் 1940 ஆகஸ்டில் வெளிவந்தது. ஆளுவோர் ஆங்கிலேயர், நடப்பதோ உலகப்போர். இத்தகைய முயற்சிக்குக் கடன் கேட்டு வந்திருந்தால் நாங்கள் என்ன ஈடு கேட்டிருப்போமோ!

இத்தேடலில் முதலில் புரட்டப்படுவது படமன்று, காகிதம். செய்திப்பட நிறுவனங்களின் பதிவேடு, ஆய்வுக்கூட ரசீது, பெட்டியின் மேல் ஒட்டிய சீட்டு, பழைய நாளிதழ் விளம்பரம் ஆகியவை வழிகாட்டும். சுருள் கைக்கு வந்தபின் அதன் விளிம்பை நோக்குவர். கோடாக் நிறுவனம் வட்டம், சதுரம், முக்கோணம் போன்ற குறிகளால் தயாரிப்பு ஆண்டைப் பொறித்தது. ஆனால் இருபது ஆண்டுகளுக்கு ஒருமுறை அதே குறி திரும்ப வரும். எனவே 1920 எனக் கருதியது 1940ஆகவும் இருக்கலாம். உடை, வாகனம், கடைப் பலகை ஆகியவற்றைக் கொண்டே ஐயம் தீர்ப்பர். கையெழுத்தை மட்டும் நம்பிக் காசோலையை அனுமதிக்காத எங்களுக்கு இம்முறை நன்கு விளங்கிற்று.

சில வேளைகளில் வழக்கும் உதவும். கேரளத்தில் 1933இல் எடுக்கப்பட்ட மௌனப்படமான 'மார்த்தாண்ட வர்மா'வுக்கு எதிராக, மூல நாவலின் உரிமை பெற்றிருந்த கமலாலயா புத்தக நிலையத்தார் நீதிமன்றம் சென்றனர். சுருள்கள் அவர்கள் வசமாயின. தயாரிப்பாளருக்கு அது பேரிழப்பு. எனினும் அங்கே தங்கியிருந்ததால்தான் 1974இல் புனே தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகத்துக்கு அப்படம் கிட்டியது. அக்காப்பகத்தை வளர்த்த பி. கே. நாயர் திருவனந்தபுரத்தில் பிறந்தவர்.

செட்டியாரின் படத்துக்கு அந்த நற்பேறு வாய்க்கவில்லை. உலகெங்கும் சிதறியதை ஒன்றுதிரட்டியவரின் தமிழ்ப் படமே காணாமற்போயிற்று. பின்னாளில் வரலாற்றாய்வாளர் ஆ. இரா. வேங்கடாசலபதி அதனைத் தேடி, 1953இல் அமெரிக்காவில் உருவான ஆங்கில வடிவத்தைச் சான் பிரான்சிஸ்கோ மாநிலப் பல்கலைக்கழகத்தில் கண்டறிந்தார். செட்டியார் தேடிய அதே முறையில் செட்டியாரைத் தேட வேண்டியதாயிற்று.

முதியவரிடம், பெட்டகம் வேண்டா, குளிர்ந்த உலர்ந்த இடத்தில் காற்றோட்டமாக வைத்து, விரைவில் கணினி நகல் எடுத்துவிடுங்கள் என்றோம். பழைய பெட்டியை எறிந்துவிடலாமா என்று கேட்டார். அதன் மூடியின் உட்புறத்தில் ஊர்ப்பெயரும் ஆண்டும் பென்சிலால் எழுதப்பட்டிருந்தன. அவற்றை எங்கள் ஒளிநகல் பொறியில் இரு படிகள் எடுத்து அவர் கையில் கொடுத்தனுப்பினோம்.