மணமேடை காணாத கதாநாயகி

சினிமாவில் கதாநாயகிக்கு எத்தனை கஷ்டம் வந்தாலும், கடைசியில் கல்யாணம் நடந்து 'சுபம்' என்று எழுத்து விழும். அதைப் பார்த்த பிறகுதான் நமக்கும் வீட்டுக்குப் புறப்பட மனம் வரும். ஆனால், மூன்று படங்களில் கதாநாயகியாக நடித்தும் மூன்றிலும் மனத்துக்கு இசைந்தவனை அடையாத நட்சத்திரம் ஒருவர் உண்டு. அவர்தான் ஜோஸபின் பேக்கர்.

அமெரிக்காவில் ஸெயின்ட் லூயி நகரில், 1906 ஜூன் 3ஆம் தேதி, ஏழைக் கறுப்பினக் குடும்பத்தில் பிறந்தார். தாயார் ஊரார் துணிகளை வெளுத்துப் பிழைத்தவர். மகளும் எட்டு வயதிலேயே வெள்ளைக்காரர் வீடுகளில் வேலைக்குப் போக வேண்டியதாயிற்று. பின்னர் நியூயார்க் நாடக மேடைகளில் கோஷ்டியில் ஒருத்தியாக ஆடினார். 1925இல், பத்தொன்பதாம் வயதில், பாரிஸுக்குக் கப்பல் ஏறினார். அங்கே ஷான்ஸ் எலிஸே அரங்கில் ஆடியதுதான் தாமதம், நகரமெங்கும் அவர் பேச்சாகவே ஆகிவிட்டது!

சினிமாக்காரர்கள் சும்மா இருப்பார்களா? 1927இல் ஒரு மௌனப் படம். அதில் அவர் தீவுப் பெண் பாப்பித்து. பிரெஞ்சு இன்ஜினீயரைக் காதலித்து பாரிஸ் வரை தேடி வருகிறாள். அவனுக்கோ வேறொருத்தி நிச்சயமாகி இருக்கிறாள். பாப்பித்து விலகிக் கொள்கிறாள்.

1934இல் 'ஸூஸு' என்ற பேசும் படம். அதில் ஜோஸபினுக்குச் சலவைக்காரி வேஷம்! தாயாரின் தொழில் அவருக்குப் புதிதா என்ன? உடன் நடித்தவர் ழான் காபேன். கொலைப்பழி சுமந்து சிறையிலிருக்கும் அவனை மீட்கப் பணம் வேண்டுமென்று ஸூஸு மேடை ஏறுகிறாள். அவன் விடுதலையாகி வருகிறான். வந்ததும் கைப்பிடிப்பது அவளுடைய தோழியை! ஸூஸுவோ பிரம்மாண்டமான பறவைக் கூண்டுக்குள் ஊஞ்சலில் அமர்ந்து பாடுகிறாள்.

மறு வருஷம் 'இளவரசி டாம்டாம்'. டுனீஷியாவின் ஏழைப் பெண் ஆல்வினாவை இளவரசியாக்கி, பாரிஸ் சீமான்களுக்கு நடுவே உலவ விடுகிறார் ஓர் எழுத்தாளர். பார்த்தால், எல்லாம் அவர் எழுதிய நாவலில் நடந்த கற்பனை! எழுத்தாளர் தம் மனைவியிடம் திரும்பிவிடுகிறார். ஆல்வினா தன் ஊரிலேயே இருந்துவிடுகிறாள். கடைசிக் காட்சியில் 'நாகரிகம்' என்ற அந்தப் புத்தகத்தை ஒரு கழுதை மென்று தின்கிறது!

ஆட்டத்துக்கும் பாட்டுக்கும் கை வலிக்கத் தட்டிய அதே ரசிகர்கள், கறுப்புப் பெண்ணுக்கும் வெள்ளை நாயகனுக்கும் மாலை மாற்றிப் பார்க்க மட்டும் தயாராயில்லை. கதை எழுதியவர்களும் துணியவில்லை.

ஜோஸபின் இதற்காக மூலையில் உட்கார்ந்து விடவில்லை. 1937இல் ழான் லியோன் என்ற பிரெஞ்சுக்காரரை மணந்து பிரெஞ்சுப் பிரஜையானார். அந்த மணவாழ்க்கை நீடிக்கவில்லை. நாட்டுடன் கொண்ட உறவு நீடித்தது. இரண்டாம் உலகப் போரில், பாட்டு நோட்டுகளில் கண்ணுக்குத் தெரியாத மையால் எழுதிய ரகசியச் செய்திகளைக் கடத்தி உதவினார். பிறகு பல நாடுகளைச் சேர்ந்த பன்னிரண்டு குழந்தைகளைத் தத்தெடுத்து வளர்த்தார். 1963இல் வாஷிங்டனில் நடந்த சம உரிமைப் பேரணியில், பிரெஞ்சு ராணுவ உடுப்பணிந்து பேசினார்.

1975 ஏப்ரலில் காலமானார். அதற்குச் சில நாள் முன்புகூடப் பாரிஸ் மேடையில் பாடியவர்!

2021 நவம்பர் 30ஆம் தேதி, பிரான்ஸின் மகா புருஷர்கள் துயிலும் பாந்தியோன் மண்டபத்தில் அவருக்கு இடம் அளிக்கப்பட்டது. அந்தப் பெருமை பெற்ற முதல் கறுப்பினப் பெண் அவர்தான். மூன்று படங்களிலும் விழாத 'சுபம்', அன்று விழுந்தது என்றே சொல்லலாம்.