அல்காரிதம்: கலைக்களஞ்சியத்தில் தீராத வழக்கு

கம்ப்யூட்டர் படிக்கும் மாணவன் முதல் வாரத்திலேயே கேட்டுவிடும் சொல் "அல்காரிதம்". இன்று அந்தச் சொல் வகுப்பறையை விட்டு வெளியே வந்துவிட்டது. கடன் மனு தள்ளுபடி ஆனாலும், வேலைக்குப் போட்ட விண்ணப்பம் திரும்பி வந்தாலும், "அல்காரிதம் அப்படி முடிவு செய்தது" என்று சொல்லிவிடுகிறார்கள்.

ஆனால், அல்காரிதம் என்றால் என்ன? இந்தக் கேள்விக்கு அறிஞர்களே ஒரே குரலில் பதில் சொல்வதில்லை.

இந்தக் கருத்து வேற்றுமையைக் கண்ணெதிரே பார்க்கக்கூடிய இடம் ஒன்று உண்டு. அதுதான் விக்கிப்பீடியா. 2001-ம் ஆண்டு ஜனவரி 15-ந் தேதி தொடங்கிய இந்தக் கலைக்களஞ்சியத்தில் யார் வேண்டுமானாலும் எழுதலாம். மற்றவர் எழுதியதைத் திருத்தலாம். ஒவ்வொரு கட்டுரைக்கும் பின்னால் விவாதத்துக்கு என்று ஒரு பக்கம் இருக்கிறது. ஒரு வரியை ஏன் மாற்றினீர்கள் என்று அங்கே கேட்கலாம். மாற்றப்பட்ட பழைய வரிகளும் அழிவதில்லை. அலுவலகக் கோப்பு போல எல்லாம் பதிவில் இருக்கும்.

ஆங்கில விக்கிப்பீடியாவில் அல்காரிதத்துக்கு ஒரு கட்டுரை போதவில்லை. அதற்கு யார் யார் என்னென்ன இலக்கணம் சொன்னார்கள் என்று விளக்குவதற்காகவே இன்னொரு தனிக் கட்டுரை உருவாயிற்று!

பெயர் வந்த கதை

சொல் பழையது. 9-ம் நூற்றாண்டில் பாக்தாத் நகரில் வாழ்ந்த கணித மேதை அல்-குவாரிஸ்மி. இந்திய எண்களைக் கொண்டு கணக்குப் போடும் முறையை அவர் விளக்கி எழுதினார். அது லத்தீன் மொழிக்குப் போனபோது, ஆசிரியரின் பெயர் திரிந்து, கணக்குப் போடும் முறைக்கே பெயராகிவிட்டது.

இன்று அந்தச் சொல்லுக்குச் சுருக்கமான பொருள், ஒரு வேலையைப் படிப்படியாகச் செய்யும் வழி என்பதாகும். அப்படியானால் சாம்பார் வைக்கும் குறிப்பும் அல்காரிதமா?

ஐந்து இலக்கணங்கள்

அமெரிக்கக் கம்ப்யூட்டர் அறிஞர் டொனால்ட் கனூத் 1968-ம் ஆண்டு வெளியிட்ட நூலில் இதற்கு 5 இலக்கணங்கள் வகுத்தார். வேலை ஒரு கட்டத்தில் முடிய வேண்டும். ஒவ்வொரு படியும் ஐயத்துக்கு இடமில்லாமல் இருக்க வேண்டும். உள்ளே கொடுக்கும் விவரம் இன்னது என்று தெரிய வேண்டும். வெளியே விடை வர வேண்டும். ஒவ்வொரு படியும், ஒரு மனிதர் காகிதமும் பென்சிலும் வைத்துக்கொண்டு செய்துவிடக்கூடிய அளவுக்கு எளிதாக இருக்க வேண்டும்.

சமையல் குறிப்பு இரண்டாவது இலக்கணத்திலேயே தோற்றுவிடுகிறது. "உப்பு தேவையான அளவு" என்றால் எவ்வளவு? சமைப்பவருக்குத் தெரியும், இயந்திரத்துக்குத் தெரியாது.

ஐந்திலும் தேறுவது யூக்ளிட் சொன்ன பழைய முறை. 48, 18 ஆகிய இரு எண்களையும் மீதியின்றி வகுக்கும் பெரிய எண் எது? 48-ஐ 18-ஆல் வகுத்தால் மீதி 12. 18-ஐ 12-ஆல் வகுத்தால் மீதி 6. 12-ஐ 6-ஆல் வகுத்தால் மீதி இல்லை. விடை 6. வேலை முடிந்தது.

சண்டை எங்கே?

சண்டை வருவது முதல் இலக்கணத்தில். எல்லா வேலையும் முடிந்துதான் ஆக வேண்டுமா?

ரெயில்வே ரிசர்வேஷனை எடுத்துக்கொள்ளலாம். 1985-ம் ஆண்டு டெல்லியில் கம்ப்யூட்டர் ரிசர்வேஷன் தொடங்கியது. ஒரு பயணிக்கு பெர்த் ஒதுக்கும் வேலை சில நொடிகளில் முடிந்துவிடும். ஆனால், அடுத்த படிவம் வருமா என்று காத்துக்கொண்டிருக்கும் புரோகிராமுக்கு முடிவு என்பதே கிடையாது. அது தானாக முடிந்துவிட்டால், கவுண்ட்டரில் கூச்சல்தான் எழும்!

கனூத் வகுத்த இலக்கணப்படி, முடிவில்லாத இந்த வேலை அல்காரிதம் ஆகாது. மற்ற நான்கு இலக்கணமும் இருந்து முடிவு மட்டும் இல்லாததற்கு "கணிப்பு முறை" என்ற பொருளில் அவர் வேறு பெயர் கொடுத்தார். மற்றொரு சாராரோ, ஓயாமல் ஓடுவதும் அல்காரிதமே என்கிறார்கள்.

இன்னொரு சிக்கலும் உண்டு. எந்தப் புரோகிராமைக் கொடுத்தாலும் அது நிற்குமா, நிற்காமல் ஓடுமா என்று சொல்லிவிடக்கூடிய பொதுவான முறை எதுவும் இருக்க முடியாது. இங்கிலாந்து கணித அறிஞர் ஆலன் டூரிங் 1936-ம் ஆண்டு செய்த ஆராய்ச்சியிலிருந்து கிடைத்த முடிவு இது. ஆகவே, "முடிய வேண்டும்" என்பதை இலக்கணமாக வைத்தால், ஒரு புரோகிராம் அல்காரிதம்தானா என்று எல்லா நேரத்திலும் சோதித்துச் சொல்ல முடியாது.

தீர்ப்பு சொல்வது யார்?

விக்கிப்பீடியாவில் நீதிபதி இல்லை. கை தூக்கும் எண்ணிக்கையை வைத்து உண்மையை நிச்சயிப்பதும் இல்லை. சொந்த ஆராய்ச்சியை எழுதக் கூடாது, ஆதாரம் காட்ட வேண்டும், நடுநிலை தவறக் கூடாது என்பவை அதன் விதிகள். எனவே, இன்னார் இப்படிச் சொல்கிறார், மற்றவர் அப்படிச் சொல்கிறார் என்று எழுதுவதே வழி. பரீட்சைக்குப் படிக்கும் மாணவனுக்கு இது எரிச்சலைத் தரும். அவனுக்கு வேண்டியது ஒரே வரி. அந்த ஒரு வரியை முதலில் எளிதாகச் சொல்லிவிட்டு, வழக்கு இருப்பதை மறைக்காமல் அடுத்து எழுதுவதுதான் முறை.

இது படித்தவர்களின் பொழுதுபோக்கு என்று நினைத்துவிடக் கூடாது. சட்டமும் இதே சொல்லில் சிக்கியிருக்கிறது. அமெரிக்க சுப்ரீம் கோர்ட்டு 1972-ம் ஆண்டிலேயே, எண்களை ஒரு வடிவிலிருந்து வேறு வடிவுக்கு மாற்றும் கம்ப்யூட்டர் முறைக்கு பேட்டண்ட் உரிமை கிடையாது என்று தீர்ப்பளித்தது. இந்திய பேட்டண்ட் சட்டத்தில் 2002-ம் ஆண்டு செய்த திருத்தமும், அல்காரிதத்துக்கு உரிமை இல்லை என்று கூறுகிறது. ஆனால் அல்காரிதம் என்றால் என்ன என்று சட்டம் சொல்லவில்லை. 2017-ம் ஆண்டு பேட்டண்ட் அலுவலகம் வெளியிட்ட வழிகாட்டுக் குறிப்பு, பொருளுக்காக ஆக்ஸ்போர்டு அகராதியைத்தான் நாடியது! அந்த அகராதியின் விளக்கம் விதிகளைப் பற்றிப் பேசுகிறது. வேலை முடிய வேண்டும் என்று சொல்லவில்லை.

தமிழில்?

தமிழ் விக்கிப்பீடியா 2003-ம் ஆண்டு தொடங்கியது. தமிழில் எழுதுவோருக்கு இலக்கணத்துக்கு முன்பே சொல்லிலும் தகராறு. பாடநூலில் "நெறிமுறை" என்கிறார்கள். ஆனால் இரண்டு கம்ப்யூட்டர்கள் தங்களுக்குள் செய்தி பரிமாறிக்கொள்ளும் விதிகளுக்கும் "நெறிமுறை" என்றே பெயர் வழங்குகிறது. வேறு சிலர் "படிமுறை" என்று எழுதுகிறார்கள். இரண்டு பொருளுக்கு ஒரே சொல் இருந்தால், படிக்கும் பிள்ளை எதை எடுத்துக்கொள்ளும்?

எந்த இலக்கணத்தை ஏற்றாலும் ஒன்று மட்டும் மாறாது. கடைப்பிடிக்கும் விதி இல்லாமல் அல்காரிதம் இல்லை. மனுவைத் தள்ளிவிட்டு "அல்காரிதம் முடிவு செய்தது" என்று சொல்பவரிடம், உள்ளே போன விவரம் என்ன, கடைப்பிடித்த விதி என்ன என்ற இரண்டையும் கேட்கும் நியாயம் மனுதாரருக்கு உண்டு.