கடற்செவி நத்தையும் அதன் ஓடும்

கடல் நத்தைகளுள் அபலோன் ஒரு தனி வகை. இதன் ஓடு சங்கைப் போல் உயர்ந்து சுருளாமல் மனிதனின் காதுமடலைப் போல் தட்டையாக விரிந்திருக்கும். விலங்கியலார் இதற்கு இட்ட ‘ஹாலியோடிஸ்’ என்னும் கிரேக்கப் பெயருக்கும் கடற்செவி என்பதே பொருள். நமது மன்னார் வளைகுடாவின் பாறைகளிலும் இவ்வகையைச் சேர்ந்த ஒரு சிறிய இனம் வாழ்கிறது. ஆயினும், உலகிலுள்ள அபலோன்கள் யாவற்றிலும் பெரியது, வட அமெரிக்காவின் மேலைக் கரையில் ஆரிகன் முதல் மெக்ஸிகோவின் பாஹா கலிபோர்னியா வரை காணப்படும் செந்நிற அபலோனே. ஸ்வெயின்ஸன் என்பார் 1822-இல் இதற்கு ஹாலியோடிஸ் ரூபெஸென்ஸ் எனப் பெயர் சூட்டினார். இதன் ஓடு 30 சென்டிமீட்டருக்கும் மேலாக வளர்ந்ததுண்டு.

ஓட்டின் விளிம்பையொட்டி வரிசையாகத் துளைகள் உள்ளன. செவுள்களைக் கழுவிச் செல்லும் நீரும், உடற்கழிவும், முட்டைகளும் இவற்றின் வழியே வெளியேறும். ஓடு வளருந்தோறும் முன்புறம் புதிய துளை ஒன்று தோன்ற, பழையது அடைபட்டுவிடும். எந்தக் காலத்திலும் மூன்று அல்லது நான்கு துளைகளே திறந்திருக்கும். ஓட்டின் செங்கல் நிறம் உணவினால் வருவது. சிவப்புக் கடற்பாசியைத் தின்ற காலத்தில் வளர்ந்த பகுதி சிவப்பாகவும், பழுப்புப் பாசியைத் தின்ற காலத்தில் வளர்ந்த பகுதி வெளிறியும் அமையும். ஆகவே, ஓட்டின் நிறப்பட்டைகளைக் கொண்டே அப்பிராணி எக்காலத்தில் எதை உண்டது என ஓரளவு கூறிவிடலாம்.

ஓட்டின் உட்புறம் முத்தைப் போல் பல வண்ணம் காட்டி ஒளிரும். இந்தப் படலத்தின் எடையில் 95 சதவீதம் சாதாரணச் சுண்ணாம்புப் பொருளே. இயற்கையில் கிடைக்கும் சுண்ணக்கட்டியும் அடிப்படையில் இதுவே. ஆனால் சுண்ணக்கட்டி விரலால் ஒடியும். அபலோன் ஓடோ சம்மட்டி அடியையும் ஓரளவு தாங்கும். இதன் இரகசியம் அடுக்குமுறையில் உள்ளது. ஒரு மில்லிமீட்டரில் 2,000-இல் ஒரு பங்கே கனமுள்ள தகடுகள், செங்கற்சுவரைப் போல் ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கப்பட்டு, இடையிடையே புரதம் முதலிய பொருள்களாலான மெல்லிய பசையால் பிணைக்கப்பட்டுள்ளன. விரிசல் விழுந்தால் அது நேராக ஊடுருவாமல் தகடுகளின் ஓரமாகத் திரும்பித் திரும்பிச் சென்று வலுவிழந்து போகிறது. ஒளியலைகள் இதே தகடுகளில் பட்டு மீளுவதால் வானவில் நிறங்களும் தோன்றுகின்றன.

இத்தகைய கவசம் இருந்தும் மனிதனிடமிருந்து தப்ப இயலவில்லை. இதன் சுவைமிக்க காற்தசைக்காகப் பெருமளவு பிடிக்கப்பட்டு எண்ணிக்கை அருகியதால், கலிபோர்னியா மாநிலம் 1997-இல் வணிக முறைப் பிடிப்பை முற்றிலும் தடை செய்தது. சான் பிரான்ஸிஸ்கோவிற்கு வடக்கே மட்டும், காற்றுக்கலம் இன்றி மூச்சடக்கி மூழ்குவோர் தம் சொந்த உபயோகத்திற்காக எடுக்கலாம் என்றும், 7 அங்குலத்திற்குக் குறைந்ததைத் தொடலாகாது என்றும் விதி இருந்தது. அந்த அளவை எட்ட ஏறத்தாழ 12 ஆண்டுகள் செல்லும். விதி நல்லதே, ஆனால் ஆபத்து வேறு திசையிலிருந்து வந்தது.

2013-இல் நட்சத்திர மீன்களிடையே கொள்ளைநோய் பரவியது. அதற்குக் காரணம் ஒருவகை விப்ரியோ பாக்டீரியா என 2025-இல் ஆய்வாளர்கள் அறிவித்தனர். கடல் முள்ளிகளை இரையாகக் கொண்ட சூரியகாந்தி நட்சத்திர மீன் அக்கரையில் அநேகமாக அற்றுப்போயிற்று. 2014 முதல் 2016 வரை கடல்நீர் வழக்கத்திற்கு மாறாக வெப்பமுற்றதில், அபலோனின் முக்கிய உணவாகிய கெல்ப் என்னும் பெரும்பாசி நலிந்தது. எஞ்சியதை, பகைவரின்றிப் பெருகிய ஊதா நிறக் கடல் முள்ளிகள் மேய்ந்து தீர்த்தன. 350 கிலோமீட்டர் நீளக் கரையில் கெல்ப் காடுகளில் 90 சதவீதத்திற்கும் மேல் அழிந்தன. முள்ளி உணவின்றியே பல ஆண்டுகள் உயிர் தரித்திருக்கும், அபலோனால் இயலாது. ஓடு சுருங்காத நிலையில் உள்ளிருந்த உடல் சுருங்கிற்று. பாறையைப் பற்றும் வலுவிழந்து அவை உதிர்ந்தன. 2018-இல் அப்பகுதியிலும் பிடிப்பு நிறுத்தப்பட்டது. பின்னர் அத்தடை நீட்டிக்கப்பட்டது.

மூழ்குவோரைக் கொண்டு முள்ளிகளை அகற்றும் பணி சில குடாக்களில் நடைபெற்றுள்ளது. வாஷிங்டன் பல்கலைக் கழகத்தின் கடலாய்வு நிலையத்தில் சூரியகாந்தி நட்சத்திர மீனைக் குஞ்சிலிருந்து வளர்க்கும் முயற்சி 2019-இல் தொடங்கிற்று. 2023-இல் வெளியான ஓர் ஆய்வின்படி, இம்மீன் ஒன்று மூன்று நாட்களில் சுமார் இரண்டு ஊதா முள்ளிகளைத் தின்கிறது. பட்டினியால் மெலிந்த முள்ளிகளைக் கடல் நீர்நாய் சீந்துவதில்லை. நட்சத்திர மீனோ அவற்றையும் விட்டுவைக்கவில்லை.