வலிப்பு உள்ளவர் தேத்தண்ணி குடிக்கலாமா?

வலிப்பு உள்ளவர் ஒருவர் வீட்டில் இருந்தால் உறவுக்காரர் முதலில் கைவைப்பது அவருடைய சாப்பாட்டில்தான். அன்னாசி சூடு, கத்தரிக்காய் கிரந்தி, தேத்தண்ணி நரம்பைக் கிளப்பும் என்று பட்டியல் நீளும். திருகோணமலை மாவட்டத்தின் தெற்கே, இலங்கைத்துறை முகத்துவாரம் போன்ற கரையோர ஊர்களில் இரவு விழித்துத் தொழில் பார்ப்பவருக்குத் தேத்தண்ணிதான் துணை. அவருக்கு வலிப்பும் இருந்தால்?

தேயிலையில் உள்ள கஃபீன் மூளையில் என்ன செய்கிறது என்பது தெரிந்ததே. நாம் விழித்திருக்கும் நேரமெல்லாம் அடினோசின் என்ற பொருள் மூளையில் சேர்கிறது. நரம்புக் கலங்களை அடக்கித் தூக்கத்தைக் கொண்டுவருவது அதுதான். வலிப்பு வரும்போதும் அடினோசின் பெருகி, வலிப்பு ஓய உதவுகிறது. அது போய் ஒட்டவேண்டிய இடங்களைக் கஃபீன் பிடித்துக்கொள்கிறது. கஃபீனுக்கு நெருங்கிய உறவான தியோஃபிலின் என்ற ஆஸ்துமா மருந்து இரத்தத்தில் அளவு மீறினால் வலிப்பையே வரவழைக்கும்.

ஆனால் ஒரு கோப்பைத் தேத்தண்ணியில் இருப்பது ஏறக்குறைய 40 மில்லிகிராம் கஃபீன். அமெரிக்கத் தாதியரைப் பல ஆண்டுகள் தொடர்ந்து கவனித்து 2010இல் வெளியான ஆய்வில், கஃபீனுக்கும் புதிதாக வலிப்பு வருவதற்கும் தொடர்பு காணப்படவில்லை. பகலில் இரண்டொரு கோப்பை குடிப்பவரைத் தடுக்க வலுவான காரணம் இல்லை. கவலைப்படவேண்டியது இரவுக் கோப்பையைப் பற்றித்தான். குடித்த கஃபீனில் பாதி நீங்கவே 5 மணித்தியாலம் அளவில் ஆகும். தூக்கம் கெட்டால் வலிப்பு தூண்டப்படும் என்பதில் மருத்துவர்களுக்கு ஐயமில்லை. எனர்ஜி டிரிங்கை ஒன்றன்பின் ஒன்றாகக் குடித்து வலிப்பு வந்தவர்களைப் பற்றியும் மருத்துவ இதழ்களில் பதிவுகள் உண்டு.

சோறே வலிப்பைத் தூண்டலாம் என்பதை அறிவதற்கு அமெரிக்கா வரை போகவேண்டியதில்லை. பேராதனைப் பல்கலைக்கழக மருத்துவப் பேராசிரியர் நிமல் சேனாநாயக்க 1990இல் வெளியிட்ட கட்டுரைகள், உண்ணும்போதோ உண்டு சற்று நேரத்திலோ வலிப்பு வரும் இலங்கை நோயாளிகளை விவரித்தன. உலகில் அரிதான இந்த உண்ணல் வலிப்பு சில குடும்பங்களில் பலருக்கு இருந்தது. வயிறு முட்டச் சோறு உண்பதும் ஒரு காரணமாகலாம் என்ற கருத்து உண்டு. ஆகவே வலிப்பு எந்த நேரம், எந்தச் சாப்பாட்டோடு வந்தது என்று வீட்டார் குறித்துவைத்தால் அது மருத்துவருக்குப் பெரிய உதவி.

உண்மையாகவே விலக்கவேண்டிய பழம் ஒன்று இருக்கிறது: காமரங்கா. சிறுநீரகம் பழுதானவர் அதைத் தின்றால், அதிலுள்ள கராம்பொக்சின் என்ற நஞ்சு வெளியேறாமல் தங்கி, விக்கலில் தொடங்கி வலிப்பு வரை கொண்டுபோகும். பிரேசில் ஆய்வாளர்கள் 2013இல் இந்த நஞ்சை இனங்கண்டார்கள். பதவிசிறிபுர போன்ற, சிறுநீரக நோய் பரவியிருக்கும் இடங்களும் இதே மாவட்டத்தில் இருப்பதால் இது உரக்கச் சொல்லவேண்டிய எச்சரிக்கை.

கிண்ணியாவிலும் மூதூரிலும் நோன்பு மாதத்தில் வரும் சிக்கல் வேறு. பகல் வேளை மருந்து தவறும். ஸஹருக்கு எழுவதால் தூக்கமும் குறையும். பீனோபார்பிட்டோன் உடலில் நாட்கணக்கில் தங்குவதால் இரவில் ஒரு வேளை போதும். கார்பமசெபைனைப் பிரித்துத்தான் எடுக்கவேண்டும். நோன்பு தொடங்கச் சில வாரங்களுக்கு முன்பே கிளினிக்கில் கேட்டால், வேளையை மாற்றலாமா, அந்த ஆண்டு நோன்பை விடவேண்டுமா என்பதை மருத்துவரே சொல்வார். அதற்குள் ஒரு வேளையைக்கூடத் தாமாக நிறுத்தக்கூடாது.